குரங்கு ஏறாத டேப்

வேலூரிலிருந்து ஜவ்வாது மலைக்கு என்னை மாற்றிய உத்தரவைக் கையில் வாங்கியபோது எனக்கு இருபத்தேழு வயது. அம்மா வேலையை விட்டுவிடச் சொன்னாள். அண்ணன், "ஆறு மாசம் பல்லைக் கடிச்சிக்கினு இரு, ஆளைப் புடிச்சி எறக்கிடறேன்" என்றான். அவன் பிடித்த ஆள் எவனும் என்னை இறக்கவில்லை. இரண்டு வருஷம் அங்கேயே கிடந்தேன். அந்த இரண்டு வருஷத்தில் நான் செய்த ஒரே ஒரு காரியத்தைத்தான் இங்கே எழுதப் போகிறேன். படித்துவிட்டுத் திட்டுவதானால் தாராளமாகத் திட்டலாம். நல்லவள் என்று பெயர் வாங்கும் வயதெல்லாம் எனக்குத் தாண்டிவிட்டது.

அது எண்பதுகளின் நடுப்பகுதி. மலைப் பிள்ளைகள் தங்கிப் படிக்கிற பள்ளி. காலையில் ஒரு பஸ், சாயங்காலம் ஒரு பஸ், பெரிய மழை பெய்தால் இரண்டுமே இல்லை. நான் கணக்கு டீச்சர். எனக்கு ஒதுக்கிய அறையில் ஏற்கெனவே ஒருத்தி இருந்தாள். மலையிலேயே பிறந்தவள். பள்ளியிலிருந்து நாலு மைல் நடந்தால் அவள் ஊர். ஆண்களையும் சேர்த்து அந்த ஊரில் பட்டம் வாங்கிய முதல் ஆள் அவள்தான். அறிவியல் பாடம் எடுத்தாள். என் வேலை நிரந்தரம், அவளுடையது தற்காலிகம். ஏப்ரல் வந்தால் அவள் வேலை முடிந்துவிடும். ஜூனில் மறுபடி கூப்பிட்டால் உண்டு, இல்லையென்றால் இல்லை. பிள்ளைகள் என்னை வேலூர் டீச்சர் என்றும் அவளை மலை டீச்சர் என்றும் சொல்வார்கள்.

என்னைவிட மூன்று வயது சின்னவள். அவள் என்னை 'நீங்க' என்றாள். நான் முதல் நாளே 'நீ' என்று ஆரம்பித்துவிட்டேன். அவள் அதைத் தப்பாக எடுத்துக்கொள்ளவில்லை. எடுத்துக்கொண்டிருந்தாலும் என்னிடம் காட்டவில்லை.

எனக்கு அந்த மலையே ஆகவில்லை. குளிர் ஆகவில்லை, சாமைச் சோறு ஆகவில்லை, எட்டு மணிக்கெல்லாம் ஊர் அடங்கிப்போவது ஆகவில்லை. அவள் சமைத்ததைத் தின்றுகொண்டே அவள் சமையலைக் குறை சொல்வேன். அவள் பேச்சை அவள் எதிரிலேயே மற்ற டீச்சர்களுக்கு நடித்துக் காட்டுவேன். எல்லாரும் சிரிப்பார்கள், அவளும் சிரிப்பாள். நான் நன்றாக நடிப்பேன்.

முதல் கம்ப்யூட்டர் அரசாங்கத் திட்டத்தில் வந்தது. கரண்டே ஒழுங்காக வராத பள்ளிக்கு அதை யார் எழுதிக் கொடுத்தார்களோ தெரியாது. அமிர்தி வழியாக ஜீப்பில் ஏற்றிக்கொண்டு வந்து இறக்கிவிட்டுப் போனார்கள். டைப்ரைட்டர் மாதிரி பட்டன்கள், தலைப்பக்கம் ஒரு வரிசை சிவப்புப் பட்டன்கள். கூடவே ஒரு கறுப்பு வெள்ளை டி.வி., ஒரு டேப் ரிக்கார்டர், நாலு கேசட். தலைமையாசிரியர் அதற்குப் பொட்டு வைத்து, கற்பூரம் காட்டி, அறையைப் பூட்டி, சாவியைத் தன் சட்டைப் பையில் போட்டுக்கொண்டார். மூன்று மாதம் யாரும் அதைத் தொடவில்லை.

இரண்டாவது, வாணியம்பாடி பாய் கொண்டுவந்தது. அவர் தோல் வியாபாரி. தோல் பதனிடக் கடுக்காய் வாங்க மலைக்கு வருவார், வந்தால் தலைமையாசிரியரைப் பார்க்காமல் போகமாட்டார். வெளிநாட்டிலிருந்து மகனுக்காக வாங்கி வந்த சின்னக் கம்ப்யூட்டர் அது. கறுப்பாக, ஒரு நோட்டுப் புத்தகம் அளவுதான் இருக்கும். பட்டன்கள் ரப்பரில், தொட்டால் பென்சில் அழிக்கிற ரப்பரைத் தொடுகிற மாதிரியே இருக்கும். "பையன் இப்ப இதை ஏறெடுத்தும் பாக்கறதில்ல சார். இங்க புள்ளைங்களாவது விளையாடட்டும்" என்று சொல்லி, ஒரு பிஸ்கட் டின் நிறைய கேசட்டும் கொடுத்துவிட்டுப் போனார். அத்தனையும் விளையாட்டு. விண்கலம் சுடுவது, பாம்பு தின்பது, கார் ஓட்டுவது.

பெரிய மெஷினோடு வந்த நாலு கேசட்டும் படிப்பு சம்பந்தப்பட்டவை. அதில் பிள்ளைகளுக்குப் பிடித்தது குரங்கு. கூட்டல் கணக்குக்குச் சரியான விடை போட்டால் குரங்கு மரத்தில் ஒரு கிளை ஏறும். தப்பாகப் போட்டால் விழும்.

இப்போதுள்ளவர்களுக்கு ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். அந்தக் காலத்தில் விளையாட்டெல்லாம் பாட்டு கேட்கிற கேசட்டில்தான் இருந்தது, சத்தமாக. டேப் ரிக்கார்டரில் ஓடவிட்டால் கீச்சென்று கத்தும். அந்தக் கத்தலைக் கம்ப்யூட்டர் கேட்டுக்கேட்டு விளையாட்டாக மாற்றிக்கொள்ளும். அதற்கு நாலைந்து நிமிஷம் ஆகும். ஒரே கேசட்டில் ஆறேழு விளையாட்டு அடுத்தடுத்து இருக்கும். எது எங்கே தொடங்குகிறது என்று எதிலும் எழுதியிருக்காது. டேப் ரிக்கார்டரில் மூன்று இலக்கத்தில் ஓடுகிற எண்ணைப் பார்த்துக் குறித்துவைக்க வேண்டும். பாம்பு நூற்றுப் பன்னிரண்டு, கார் இருநூற்று நாற்பது என்று. வேறொரு டேப் ரிக்கார்டரில் போட்டால் அந்த எண்ணும் மாறிப்போகும். இதற்கெல்லாம் மேலே, ஒரு மெஷினின் கேசட் இன்னொரு மெஷினுக்கு ஆகாது. பார்வைக்கு இரண்டும் ஒரே கேசட்தான். உள்ளே பேச்சு வேறு. மாற்றிப் போட்டால் அது பாட்டுக்குக் கத்திக்கொண்டிருக்கும், மெஷின் பாட்டுக்கு டி.வி.யில் 'சர்ச்சிங்' என்று ஒரே ஒரு சொல்லைக் காட்டிக்கொண்டு சும்மா உட்கார்ந்திருக்கும்.

இதையெல்லாம் கண்டுபிடித்தது மலை டீச்சர்தான். தலைமையாசிரியரிடம் கெஞ்சிச் சாவி வாங்கி, ஆங்கிலப் புத்தகத்தை அகராதி வைத்துப் படித்து, பள்ளி விட்ட பிறகு தினம் ஒரு மணி நேரம் உட்கார்ந்து கற்றுக்கொண்டாள். ஒவ்வொரு கேசட்டையும் முதலிலிருந்து கடைசிவரை ஓடவிட்டு, எண்களை ஒரு நோட்டில் எழுதினாள். கேசட்டுகள் தேய்ந்துவிடும் என்று வன அலுவலகத்திலிருந்து இன்னொரு டேப் ரிக்கார்டர் இரவல் வாங்கி, எல்லாவற்றையும் ஒரே ரகக் காலி கேசட்டுகளில் பிரதி எடுத்தாள். சோற்றுக் கஞ்சியைப் பசையாகத் தடவி, தன் கையெழுத்தில் லேபிள் ஒட்டினாள்.

மார்கழி வந்ததும் பனி ஈரத்தில் டேப் ஒட்டிக்கொண்டு ஓடவில்லை. நான் மெஷின் செத்தது என்று சந்தோஷப்பட்டேன். அவள் கேசட்டுகளை ஒரு துணியில் சுற்றி, காய்ந்த சாமை கொட்டிவைத்த பானைக்குள் புதைத்துவிட்டாள். மலையில் விதைகளை அப்படித்தான் வைப்பார்களாம். "ஏய், அது முளைச்சிடப் போவுது, பாத்துக்கோ" என்று நான் கேலி செய்தேன். மறுநாள் டேப் ஓடியது. அன்றிலிருந்து என் பாட்டு கேசட்டுகளையும் அதே பானையில் போட்டுவைத்தேன். நன்றி என்று ஒரு சொல் சொன்னதாக ஞாபகம் இல்லை.

சத்தத்தை வைத்தே எந்த மெஷினின் கேசட் என்று சொல்ல அவள் எனக்கும் கற்றுக்கொடுத்தாள். பெரிய மெஷினுடையது கொஞ்சம் கரகரக்கும், நடுவில் ஒரு சின்ன விசில் அடிக்கும், மறுபடி கரகரக்கும். "மூச்சு வாங்கிக்கினு பேசுது பாருங்க டீச்சர்" என்பாள். ரப்பர் பட்டன் மெஷினுடையது மூச்சே விடாமல் ஒரே கத்தாகக் கத்தும். இரண்டு நாளில் எனக்கும் பிடிபட்டது. எனக்கு எதுவும் சீக்கிரம் பிடிபடும்.

ஜனவரி முடிகிற சமயம் வேலூரிலிருந்து ஒரு கடிதம் வந்தது. ஒரு அதிகாரி வருவார், கம்ப்யூட்டர் எப்படி ஓடுகிறது என்று பார்ப்பார், நன்றாக ஓட்டத் தெரிந்த ஒரே ஒரு ஆசிரியரைப் பயிற்சிக்கு அனுப்பச் சொல்வார். பயிற்சி முடித்தவர்களைக் கீழே பெரிய பள்ளிகளில் கம்ப்யூட்டர் ஆசிரியராகப் போடுவார்கள். தற்காலிகமாக இருந்தால் நிரந்தரம் ஆக்குவார்கள். தலைமையாசிரியர் இதை ஆசிரியர் கூட்டத்தில் வாசித்துவிட்டு, "வேற பேச்சே இல்ல, மலை டீச்சர்தான் ஓட்டிக் காட்டணும்" என்றார். எல்லாரும் தலையாட்டினார்கள். நானும் ஆட்டினேன்.

எனக்கு அது கீழே போகிற பஸ். அவளுக்கு அது வேலையே. தற்காலிகமாக இருப்பவர்களை ஏப்ரலோடு நிறுத்திவிடப் போகிறார்கள் என்று அந்த வருஷம் பேச்சு அடிபட்டுக்கொண்டிருந்தது. இது எனக்கு நன்றாகத் தெரியும். தெரியாமல் செய்துவிட்டேன் என்று சொல்ல வழியில்லை.

அவள் அப்பா விஷயம் கேள்விப்பட்டு நடந்தே வந்தார். ஒல்லியான மனிதர், தோளில் துண்டு, பேசும்போது பாதி நேரம் தரையைப் பார்ப்பார். ஊர்க் கூட்டத்தில் அவர் சொன்னால் கேட்பார்கள் என்று பிள்ளைகள் சொல்லியிருந்தார்கள். எனக்கும் சேர்த்து ஒரு படி சாமை அரிசி கொண்டுவந்திருந்தார். "நீங்க கூட இருந்து பாத்துக்கோங்க டீச்சர். அதுக்கு வெளியாளுங்க முன்னாடி பேச்சு வராது" என்றார். நான், "நான் பாத்துக்கறேன், போய்ட்டு வாங்க" என்றேன்.

அதிகாரி வருவதற்கு முந்தின நாள் மதியம் அவள் துணி துவைக்கக் கிணற்றுக்குப் போயிருந்தாள். நான் அறையில் தனியாக இருந்தேன். பானையிலிருந்து துணி மூட்டையை எடுத்துப் பிரித்தேன். குரங்கு என்று எழுதிய பெரிய மெஷின் கேசட், விண்கலம் என்று எழுதிய ரப்பர் பட்டன் மெஷின் கேசட். பானைக்குள் இருந்து கஞ்சிப் பசை காய்ந்து விட்டுப்போயிருந்தது. நகத்தால் நெம்பினால் லேபிள் கிழியாமல் முழுசாக வந்தது. குரங்கு லேபிளை விண்கலத்தில் ஒட்டினேன், விண்கலத்தைக் குரங்கில் ஒட்டினேன். பசைக்கு மதியச் சோற்றில் இரண்டு பருக்கை எடுத்துக்கொண்டேன். பிறகு மூட்டையை அவள் கட்டியிருந்த மாதிரியே கட்டிப் பானைக்குள் வைத்தேன். கை நடுங்கியது என்று எழுதினால் படிக்கிறவர்களுக்கு நன்றாக இருக்கும். நடுங்கவில்லை. அதற்குப் பிறகு ஒரு குட்டித் தூக்கமும் போட்டேன்.

மறுநாள் அவள் விடிந்ததும் ஓட்டிப் பார்ப்பாள் என்பது ஒன்றுதான் என் பயம். விடிந்ததிலிருந்து கரண்ட் இல்லை. அவள் மெஷினுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து பல்பையே பார்த்துக்கொண்டிருந்தாள். பதினோரு மணிக்கு ஜீப் சத்தம் கேட்டது. ஜீப் வந்து நின்ற பிறகுதான் பல்ப் எரிந்தது. கரண்ட்காரனும் என் கட்சி என்று நினைத்துக்கொண்டேன்.

அதிகாரி குண்டாக, மூச்சு வாங்கிக்கொண்டு வந்தார். மலை வளைவில் வாந்தி எடுத்திருந்தார் போல, முகம் வெளுத்திருந்தது. டீச்சர்கள் சுவரோரமாக நின்றோம். பிள்ளைகள் ஜன்னல் கம்பியில் தொங்கினார்கள். அவள் துவைத்து மடித்த பச்சைப் புடவை கட்டியிருந்தாள். மூட்டையைப் பிரித்து, குரங்கு என்ற லேபிளைப் பார்த்து, கேசட்டைப் போட்டாள். எண்ணைப் பார்த்து, கட்டளையை டைப் செய்து, டேப்பை ஓடவிட்டாள். டி.வி.யில் 'சர்ச்சிங்' என்று வந்தது.

முதலில் ஒரு நீள விசில். பிறகு மூச்சே விடாத கத்தல்.

அவள் மெஷினைப் பார்க்கவில்லை, கேசட்டைப் பார்க்கவில்லை. திரும்பி நேராக என்னைப் பார்த்தாள். சத்தம் வந்த அந்த நொடியிலேயே அவளுக்குத் தெரிந்துவிட்டது. தெரிந்துவிட்டது என்பது எனக்கும் தெரிந்தது. அந்த அறையில் வேறு யாருக்கும் எதுவும் தெரியவில்லை. அவர்களுக்கு எல்லாச் சத்தமும் ஒரே சத்தம்தான்.

இன்னொரு கேசட் அவள் கைக்கு எட்டும் தூரத்தில் இருந்தது. எடுத்து மாற்றிப் போட்டிருந்தால் முடிந்தது கதை. அவள் எடுக்கவில்லை. இரண்டு கையையும் மடியில் வைத்துக்கொண்டு என்னையே பார்த்தபடி உட்கார்ந்திருந்தாள். கோபமாகப் பார்க்கவில்லை. வகுப்பில் ஒரு பிள்ளையைக் கேள்வி கேட்டுவிட்டுப் பதிலுக்குக் காத்திருப்போமே, அப்படிப் பார்த்தாள். நான் டி.வி.யைப் பார்த்தேன்.

ஒரு நிமிஷம் ஓடியது. அதிகாரி, "ஏம்மா, இன்னாம்மா இது, ஆட்டைக் கழுத்தறுக்கற மாதிரி கத்துது?" என்றார். எல்லாரும் சிரித்தார்கள். ஜன்னலில் இருந்த பிள்ளைகள் மட்டும் சிரிக்கவில்லை. தலைமையாசிரியர் குனிந்து, "இன்னாச்சி, இன்னாச்சி" என்று அவள் காதோரம் கேட்டார். இன்னும் கொஞ்ச நேரம் என்னைப் பார்த்தாள். அதிகாரி கடிகாரத்தைப் பார்த்தார். "இதுக்கா என்னைக் கொடல் வெளிய வர அளவுக்கு மேல ஏத்துனீங்க? தெரியாதுன்னா தெரியாதுன்னு எழுத வேண்டியதுதான சார்? மலையில இருந்து படிச்சிட்டு வந்துட்டா எல்லாம் வந்துடுமா?" என்றபடி எழுந்தார். அவள் அப்போதுதான் டேப்பை நிறுத்தி, அடுத்த கேசட்டுக்குக் கையை நீட்டினாள். "போதும்மா, போதும். வுடு" என்று அவர் கையைக் காட்டினார். நீட்டிய கையை அவள் மடக்கிக்கொண்டாள்.

நான் முன்னால் வந்தேன். "ஐயா, ஒரு அஞ்சி நிமிஷம் உக்காருங்க. நான் போட்டுக் காட்டறேன்" என்றேன். மூட்டையிலிருந்து விண்கலம் என்று லேபிள் ஒட்டிய கேசட்டை எடுத்தேன். தேடவில்லை, தயங்கவில்லை. போட்டேன். கொஞ்சம் கரகரப்பு, சின்ன விசில், மறுபடி கரகரப்பு. நாலு நிமிஷத்தில் குரங்கு மரத்தடியில் வந்து நின்றது. ஏழும் எட்டும் எவ்வளவு என்று கேட்டது. அதிகாரியையே விடை போடச் சொன்னேன். குரங்கு கிளை ஏறியதும் அவர் குழந்தை மாதிரி கைதட்டினார். "இந்தம்மாவ அனுப்புங்க சார்" என்று தலைமையாசிரியரிடம் அங்கேயே சொன்னார்.

விண்கலம் என்று எழுதியிருந்த கேசட்டிலிருந்து குரங்கு ஏன் வந்தது என்று ஒருத்தரும் கேட்கவில்லை. அதைப் பார்க்கத் தெரிந்த ஒரே ஆள் சுவரோரமாகப் போய் நின்றுகொண்டிருந்தாள்.

அன்று சாயங்காலம் அறையில் அவள் அடுப்பைப் பற்ற வைத்தாள். வழக்கம் போல இரண்டு பேருக்கும் உலை வைத்தாள். நான் கட்டிலில் உட்கார்ந்து, கேட்கப் போகிறாள், கேட்டால் இன்ன பதில் சொல்ல வேண்டும் என்று மனதுக்குள் வரிசைப்படுத்திக்கொண்டிருந்தேன். அவள் கேட்கவேயில்லை. சோறு வெந்து, வடித்து, இரண்டு தட்டில் போட்ட பிறகும் கேட்கவில்லை. எனக்குத்தான் பொறுக்கவில்லை.

"ஏன் அப்படி முழிச்சிக்கினு உக்காந்திருந்த? வேற டேப்பை எடுத்துப் போட வேண்டியதுதான?" என்றேன்.

"நீங்க சொல்வீங்கன்னு இருந்தேன் டீச்சர்" என்றாள்.

"நான் இன்னாத்தைச் சொல்லணும்?"

அவள் தட்டைக் கீழே வைத்தாள். "எங்க ஊர்ல ஒரு பொருள் காணாமப் போச்சின்னா, யார் எடுத்தாங்கன்னு தெரிஞ்சாலும் பேரு சொல்ல மாட்டாங்க. எல்லாரும் கூடி உக்காந்திருப்பாங்க. எடுத்தவங்களே எழுந்து சொல்லணும். அதுக்கு நேரம் குடுப்பாங்க. சொல்லிட்டா அதோட போச்சி. அப்புறம் ஒருத்தரும் அந்தப் பேச்சை எடுக்க மாட்டாங்க. நீங்க எழுந்து, டேப்பு மாறிடிச்சின்னு ஒரு வார்த்தை சொல்லியிருந்தா போதும். நீங்கதான் மாத்துனீங்கன்னுகூட சொல்ல வேணாம்."

இதைக் கேட்டதும் எனக்கு வெட்கம் வந்திருக்க வேண்டும். வந்தது எரிச்சல். ஒரு உத்தியோகத்தைக் கையில் வைத்துக்கொண்டு, அதிகாரி எதிரில், எனக்காக ஒரு நிமிஷம் காத்திருந்தாளாம். பைத்தியக்காரி. நானாக இருந்தால் அந்த நொடியே கேசட்டை மாற்றிப் போட்டு, வேலையை வாங்கிக்கொண்டு, அப்புறம் லேபிளை மாற்றியவள் முடியைப் பிடித்திருப்பேன். அவள் என்னையும் அவள் ஊர் ஆட்களில் ஒருத்தியாக நினைத்துக் கணக்குப் போட்டுவிட்டாள். அதுதான் அவள் செய்த தப்பு.

"உங்க ஊரு வழக்கத்தை உங்க ஊர்ல வெச்சிக்கோ. லேபிள் எழுதுனது நீ, ஒட்டுனது நீ, பானையில வெச்சது நீ. என் மேல பழி போடற வேலையெல்லாம் வேணாம்" என்றேன்.

அவள் சரி என்று தலையாட்டினாள். தட்டை எடுத்து மிச்சத்தைச் சாப்பிட்டாள். அதற்குப் பிறகு என்னிடம் பேசவில்லை. மறுநாளிலிருந்து ஒரு ஆளுக்கு மட்டும் உலை வைத்தாள். என் கேசட்டுகளைப் பானையிலிருந்து எடுத்து, தூசு துடைத்து, என் கட்டில் மேல் வைத்துவிட்டாள். ஒரே அறையில் இரண்டு மாதத்துக்கு மேல் அப்படி இருந்தோம். நான் வீம்புக்கு ரேடியோவைச் சத்தமாக வைப்பேன். அவள் பேசாமல் பாடக் குறிப்பு எழுதுவாள். எனக்குச் சமைக்கத் தெரியாது. ரொட்டியும் வாழைப்பழமும் தின்று எனக்கு வயிறு கெட்டதுதான் மிச்சம்.

தலைமையாசிரியர் ஒருமுறை என்னைக் கூப்பிட்டு, "அந்தப் பொண்ணு நல்லாத்தான ஓட்டும்? அன்னைக்கி மட்டும் இன்னா ஆச்சி? உங்களுக்கு எதாச்சும் தெரியுமா?" என்று கேட்டார். உள்ளுக்குள் அவருக்குச் சந்தேகம் இருந்தது. தெரியாது என்று சொன்னேன். அவர் பெருமூச்சு விட்டு, என் பயிற்சி உத்தரவில் கையெழுத்துப் போட்டார். ஏப்ரலில் அவள் வேலை முடிந்தது. ஒரு டிரங்குப் பெட்டியைத் தலையில் வைத்துக்கொண்டு, நாலு மைல் நடந்து அவள் ஊருக்குப் போனாள். இரண்டு மூன்று பிள்ளைகள் பாதி தூரம்வரை கூடவே போய்த் திரும்பி வந்தார்கள். கேசட்டுகளில் லேபிள்களைச் சரியாக மாற்றி ஒட்டிவிட்டுத்தான் போயிருந்தாள். ஜூனில் அவளைக் கூப்பிடவில்லை. அவள் இடத்தை யாருக்கும் கொடுக்கவும் இல்லை. அறிவியல் பாடத்தை ஓவியம் வரைகிற வாத்தியார் எடுத்தார்.

நான் மலையை விட்டு இறங்கிய நாள் ஜூன் கடைசியில் வந்தது. காலை பஸ்ஸுக்குப் பெட்டி படுக்கையோடு நின்றுகொண்டிருந்தேன். பலாப்பழக் காலம். பஸ்ஸின் கூரையில் பழங்களை ஏற்றிக்கொண்டிருந்தார்கள். சந்தவாசல் கடைகளுக்குப் போகிற பழம். ஏற்றிக்கொண்டிருந்தவர்களில் அவள் அப்பாவும் இருந்தார். கீழே நின்று பழத்தைத் தூக்கித் தூக்கிக் கொடுத்துக்கொண்டிருந்தது அவள். கையெல்லாம் பலாப்பால். அந்தப் பச்சைப் புடவையைத்தான் முழங்காலுக்குத் தூக்கிச் செருகியிருந்தாள். அவர்கள் ஊர்க்காரர்கள் பத்துப் பேர் சுற்றி நின்றிருந்தார்கள்.

என்னைப் பார்த்ததும் அவள் அப்பா கூரையிலிருந்து இறங்கி வந்தார். துண்டை எடுத்துக் கையில் வைத்துக்கொண்டார். சுற்றி இருந்தவர்களும் பேச்சை நிறுத்தினார்கள்.

"டீச்சர், கோவிச்சிக்காதீங்க, ஒண்ணு கேக்கணும். எம்பொண்ணு வூட்டுக்கு வந்து, எனக்குச் சரியா பாடம் சொல்லத் தெரியல, அதான் நிறுத்திட்டாங்கன்னு சொல்லுது. வேற ஒண்ணும் சொல்ல மாட்டேங்குது. ஊர்ல ஆளாளுக்கு ஒண்ணு பேசறாங்க. நீங்க கூடவே இருந்தவங்க. இன்னா கொறைன்னு நீங்களாவது சொல்லுங்க. தெரிஞ்சிக்கினா மனசு ஆறும்" என்றார்.

அவள் கையில் இருந்த பழத்தைக் கீழே வைத்துவிட்டு என்னைப் பார்த்தாள். அன்று மெஷின் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்த அதே பார்வை. ஊர் முழுக்க எதிரில் நிற்கிறது. யாரும் அவசரப்படுத்தவில்லை. டிரைவர்கூட இன்னும் டீ குடித்துக்கொண்டிருந்தார். உத்தரவு என் பையில் பத்திரமாக இருந்தது. இனிமேல் நான் என்ன சொன்னாலும் அதை யாரும் பிடுங்கப் போவதில்லை. அந்தத் தகப்பனிடம் ஒரே ஒரு வார்த்தை சொல்ல எனக்கு ஒரு நஷ்டமும் இல்லை. இத்தனை வருஷத்தில் நான் திரும்பத் திரும்ப நினைத்துப் பார்ப்பது அந்த லேபிளைக்கூட அல்ல, இந்த இடத்தைத்தான். லேபிளை மாற்றியதில் எனக்கு ஒரு லாபம் இருந்தது.

"கொறைன்னு ஒண்ணுமில்லீங்க. இன்னும் கொஞ்சம் கவனமா பழகியிருக்கணும். மத்தபடி நல்ல பொண்ணுதான்" என்றேன்.

அவர் தலையை ஆட்டிக்கொண்டு மகள் பக்கம் திரும்பினார். "கேட்டியா? கூட இருந்தவங்களே சொல்றாங்க" என்றார்.

"கேட்டேம்பா" என்றாள் அவள். கீழே வைத்த பழத்தைத் தூக்கி, கூரையில் நின்றவனிடம் கொடுத்தாள்.